சூனியக்காரி என்பவள் யார்?



இம்முறை பாடத்திற்கு நாம் எடுத்துக்கொண்ட பொருள் சிலருக்கு வியப்பளிக்கலாம். தம்மத்தைப் பேசவேண்டிய பத்திரிகையில் பில்லி சூனியத்தைப் பேசுவானேன் என்று கேட்பாரும் உளர். அதற்கு விடை எளிது. சிவாஜிநகரத்துச் சந்துகளில் பஞ்சசீலம் சொல்லிக்கொடுக்க நாம் வீடு வீடாகச் செல்லுங்கால், சுவரில் பகவான் புத்தரின் படமும், அதே வீட்டு வாசலில் திருஷ்டிப் பூசணிக்காயும், குழந்தையின் அரையில் தாயத்தும் காண்கின்றோம். ஏன் என்று வினவினால், "யாரோ செய்து வைத்துவிட்டார்கள், ஐயா" என்கிறார்கள்.

இந்த "யாரோ" என்னும் சொல்லே இன்றைய பாடம். பூசணிக்காய் ஒருவரையும் கொல்வதில்லை. தாயத்து ஒருவரையும் அடிப்பதில்லை. ஆனால் "யாரோ" என்று தொடங்கிய பேச்சு, வீட்டில் ஒரு சாவு நேர்ந்த அன்று, "அவள்தான்" என்று முடிகிறது. அந்த அவள் யார்? அவளை அவ்விடத்தில் நிறுத்தியது எது? பௌத்தர்களாகிய நமக்கு அதில் உள்ள கடமை யாது? இம்மூன்றையும் முறையே ஆராய்வோம்.

ஒரு தாய் செய்த சோதனை

அஸ்ஸாம் மாநிலத்தில், மேகாலய எல்லையை ஒட்டி, கோவால்பாரா என்றொரு மாவட்டம் உண்டு. அங்கே டாகுர்விலா என்னும் சிற்றூரில் பீருபாலா ராபா என்னும் அம்மையார் வாழ்ந்துவந்தார். சிறு வயதிலே தந்தையை இழந்தவர். அதனாலே பள்ளிப் படிப்பை இடையில் நிறுத்தியவர். இளமையிலேயே உழவர் ஒருவருக்கு மணம் செய்விக்கப்பட்டவர். இவ்வளவில் அவருடைய கதை நம் தாய்மார் பலருடைய கதையே.

அவருடைய மூத்த மகனுக்கு மனநோய் கண்டது. ஊர் வழக்கப்படி மகனைக் குறி சொல்வாரிடம் காட்டினார்கள். ஒரு தேவதை பிள்ளையைப் பற்றிக்கொண்டிருக்கிறது என்றும், மூன்று நாளில் அவன் இறந்துபடுவான் என்றும் குறி பிறந்தது. பெற்ற வயிறு அம்மூன்று நாளை எப்படிக் கழித்திருக்கும் என்பதை நாம் எழுதிக் காட்டவேண்டுவதில்லை. மூன்று நாளும் கழிந்தன. மகன் இறக்கவில்லை. நோய் நீங்கவில்லையாயினும் உயிரோடிருந்தான்.

இங்கே சற்று நிற்போம். இவ்விடத்தில் வேறொருவராயின், "தெய்வம் இரங்கியது" என்று மகிழ்ந்து, அதே குறிகாரருக்கு மறுபடியும் காணிக்கை கொண்டுபோயிருப்பர். அந்த அம்மையார் அப்படிச் செய்யவில்லை. நடக்கும் என்றது நடக்கவில்லை. ஆகையால் சொன்னவர் வார்த்தை பொய் என்று கண்டார். கேசபுத்தம் என்னும் ஊரில் காலாமர்களுக்குப் பகவன் போதித்ததும் இதுவே அன்றோ? பரம்பரையாக வந்தது என்பதற்காகவும், சொல்பவர் பெரியவர் என்பதற்காகவும் ஒன்றை ஏற்காமல், தாமே கண்டறிந்து கொள்ளத்தக்கதைக் கொள்ளவும் தள்ளத்தக்கதைத் தள்ளவும் வேண்டும் என்பதே அப்போதனையின் கருத்து. சுத்தங்களை ஓதியறியாத ஒரு கிராமத்துத் தாய் அதைத் தம் வீட்டுத் திண்ணையில் செய்து முடித்தார்.

செய்ததோடு அமையவும் இல்லை. அப்பகுதியில் "டாய்னி" என்பது சூனியக்காரியைக் குறிக்கும் சொல். நோயோ சாவோ நேர்ந்தால், ஓஜா எனப்படும் மந்திரவாதி ஒரு பெண்ணை டாய்னி என்று சுட்டுவான். ஊர் அவளை அடிக்கும், துரத்தும், சில வேளைகளிற் கொன்றும் போடும். ஊரார் கூடிய கூட்டத்தில் பீருபாலா அம்மையார் எழுந்து, டாய்னி என்று ஒருத்தி உலகில் இல்லை என்று உரைத்தார். அதன் பயனாக ஊர் அவரையே ஒதுக்கிவைத்தது. அவரையே டாய்னி என்றும் தூற்றியது. அவர் பின்வாங்கவில்லை. ஊர் ஊராக நடந்து, நாற்பதுக்கும் மேற்பட்ட பெண்களை அக்கொடுமையினின்று மீட்டார். 2015ஆம் ஆண்டில் அஸ்ஸாம் சட்டமன்றம் சூனியக்காரி வேட்டையைத் தடுக்கும் சட்டத்தை நிறைவேற்றியதற்கு அவருடைய இயக்கம் ஒரு முக்கிய தூண்டுதல். அச்சட்டத்திற்கு 2018இல் குடியரசுத் தலைவரின் ஒப்புதல் கிடைத்தது. 2015இலேயே கௌகாத்தி பல்கலைக்கழகம் அவருக்குக் கௌரவ டாக்டர் பட்டம் அளித்தது. 2021இல் பத்மஸ்ரீ விருது பெற்றார். 2024ஆம் ஆண்டு மே மாதம் 13ஆம் நாள் கௌகாத்தியில் புற்றுநோயால் காலமானார்.

இஃது ஓர் ஊரின் குறை அன்று

அஸ்ஸாம் எங்கோ இருக்கிறது, மலைக்காட்டு ஜனங்களின் அறியாமை அது என்று எண்ணி நாம் தப்பித்துக்கொள்ளலாகாது. பீருபாலா அம்மையாருக்குப் பத்மஸ்ரீ அளித்த அதே 2021இல், சார்க்கண்டு மாநிலத்தைச் சேர்ந்த சுட்னி மகாதோ அம்மையாருக்கும் அவ்விருது வழங்கப்பட்டது. அவரும் சூனியக்காரி என்று அடித்துத் துரத்தப்பட்டவர். பிழைத்தெழுந்து, தம்மைப்போல் துன்புற்ற பெண்களுக்கு அரணாக நின்றவர். சூனியம் என்னும் காரணத்தைக் காட்டி 2022ஆம் ஆண்டில் மட்டும் நம் தேசத்தில் 85 கொலைகள் நிகழ்ந்தன என்று தேசியக் குற்றப் பதிவுத் துறை கணக்கிட்டிருக்கிறது. இவை கொலைகள் மட்டுமே. அடியுண்டவர்களும், ஊர்விலக்கம் செய்யப்பட்டவர்களும் இக்கணக்கில் வரார்.

படித்த தேசங்கள் இதற்கு விலக்கோ எனில், அதுவும் இல்லை. ஐரோப்பாவில், கோள்கள் சூரியனைச் சுற்றும் விதிகளைக் கண்டுரைத்த யோகான்னஸ் கெப்ளர் என்னும் பேரறிஞரின் தாயார் கத்தரீனா. ஜெர்மன் நாட்டு லியோன்பெர்க் என்னும் ஊரில் வாழ்ந்த முதியவள். பச்சிலை மருந்து அறிந்தவள். அவள் கொடுத்த பானத்தைக் குடித்துத் தான் நோயுற்றதாக 1615இல் அயலாள் ஒருத்தி குற்றஞ்சாட்டினாள். ஒரு வாய் கிளம்பியதும் பல வாய்கள் சேர்ந்துகொண்டன. என்றோ செத்த மாடும், எப்போதோ வந்த கால்வலியும் அவள் கணக்கில் எழுதப்பட்டன. 1620இல் கைது செய்து, எழுபது வயதைக் கடந்த அம்மூதாட்டியைச் சங்கிலியிற் பிணைத்து, ஓராண்டிற்கு மேல் சிறையில் வைத்தார்கள். மகன் தம் பணியை விட்டு வந்து வழக்காடினார். எவ்வாறு வாதாடினார்? மந்திரத்திற்கு எதிர்மந்திரம் தேடவில்லை. சாட்டப்பட்ட ஒவ்வொரு நோய்க்கும் இயற்கையான காரணம் இருத்தலை ஒவ்வொன்றாக எடுத்துக்காட்டி எழுதினார். 1621ஆம் ஆண்டில் சித்திரவதைக் கருவிகளை அவள் கண்முன் வைத்து அச்சுறுத்தியும், செய்யாத குற்றத்தை அவள் ஒப்பவில்லை. விடுதலை பெற்றாள், பெற்ற சில மாதங்களில், 1622இல், இறந்தாள்.

இரு கதைகளுக்கும் இடையே நானூறு ஆண்டுகள். இடையே கடலும் மலையும். ஆயினும் இரண்டிலும் விடுவித்தது ஒன்றே: இதற்குக் காரணம் யாது என்று நிதானமாய்க் கேட்டல்.

விரல் நீளும் விதம்

துக்கம் எவ்வாறு தோன்றுகிறது என்பதைப் பகவன் ஒரு சங்கிலியாகக் காட்டினார். இது இருப்பதனால் அது உண்டாகிறது. இது அற்றால் அதுவும் அறுகிறது. அம்முறையைப் பின்பற்றி, ஒரு பெண் சூனியக்காரியாக்கப்படும் விதத்தையும் நாம் கண்ணி கண்ணியாகப் பிரித்துப் பார்க்கலாம்.

முதற்கண்ணி, நோய் அல்லது சாவு. இரண்டாவது, அதன் காரணத்தை அறியாமை. மூன்றாவது, அறியாமையால் விளையும் அச்சம். நான்காவது, அச்சத்தால் நாடப்படும் மந்திரவாதி. ஐந்தாவது, மந்திரவாதி உதிர்க்கும் ஒரு குறிப்பு. ஆறாவது, ஊரில் ஏற்கெனவே கிடந்த பகையும் பேராசையும் அக்குறிப்பிற்கு ஓர் ஆளைத் தேடித் தருதல். ஏழாவது, வன்முறை.

ஐந்தாம் கண்ணியைக் கூர்ந்து நோக்குங்கள். மந்திரவாதிக்கு நோய் தீர்க்கும் வித்தை தெரியாது. காணிக்கையோ முன்னரே வாங்கியாயிற்று. தன் தோல்வியை இறக்கிவைக்க அவனுக்கு ஓர் இடம் வேண்டும். ஆகையால் நோயைச் சொல்லாமல் ஆளைச் சொல்கிறான். அதுவும் பெயரைச் சொல்லான். "கிழக்கே இருக்கும் ஒரு பெண்" என்பான். "தனியாய் வாழ்பவள்" என்பான். மிச்சத்தை நாமே நிரப்பிக்கொள்கிறோம்.

யாரைக்கொண்டு நிரப்புகிறோம்? ஐந்து பிள்ளைகளும் பத்து மைத்துனர்களும் உடைய வீட்டுத் தலைவியைக்கொண்டு ஒருவரும் நிரப்பார். கணவனை இழந்தவள், பிள்ளையற்றவள், முதியவள், கேட்பாரற்றவள் ஆகிய இவர்களே அங்கே பொருந்துகிறார்கள். சில இடங்களில் அவளுக்குக் கால் காணி நிலம் இருக்கும். அவள் போனால் அது யாருக்குச் சேரும் என்று பார்த்தால், முதற்கல் எறிந்தவன் யார் என்பதும் புலப்படும். ஆகவே சூனியக்காரி என்பவள் யார் என்ற வினாவிற்கு விடை இதுவே: சூனியம் அறிந்தவள் அல்லள், துணை இல்லாதவள்.

பகவன் கூறிய எட்டுக் காரணங்கள்

மோளிய சீவகன் என்னும் பரிவிராசகன் ஒருகால் பகவனை அணுகி, மனிதர் அனுபவிக்கும் இன்ப துன்பம் அனைத்தும் முன்வினையின் பயனே என்று சிலர் சொல்கின்றனரே, தாங்கள் யாது கூறுகிறீர்கள் என்று வினவினான். அவ்வாறு கூறுதல் பிழை என்றார் பகவன். வேதனை பிறக்கும் காரணங்களை அவர் எட்டாக வகுத்தார். பித்தம் ஒன்று, சிலேத்துமம் இரண்டு, வாதம் மூன்று, அம்மூன்றும் கலந்து கெடுதல் நான்கு, பருவ மாறுதல் ஐந்து, உடலைப் பேணுவதில் நேரும் ஒழுங்கீனம் ஆறு, பிறர் அடித்தல் முதலிய தாக்குதல் ஏழு, வினைப்பயன் எட்டு. இது சம்யுத்த நிகாயத்தில் உள்ளது.

இதில் நாம் கருதத்தக்கவை இரண்டு. முதலாவது, இவ்வெட்டில் அண்டை வீட்டுக்காரியின் கண் இல்லை, எலுமிச்சம்பழமும் இல்லை, மண்பொம்மையும் இல்லை. இரண்டாவது, வினைப்பயன் என்பது எட்டில் ஒன்றே. அதுவே எட்டும் அன்று. ஆகையால், சூனியத்தை விட்டுவிட்டேன் என்று சொல்லி, நோயுற்றவனைப் பார்த்து "அவன் செய்த கர்மம்" என்று உதடு பிதுக்குபவரும் தம்மத்தை உணராதவரே. அயலாளைக் குற்றவாளியாக்குதல் ஒரு பிழை. நோயாளியையே குற்றவாளியாக்குதல் மற்றொரு பிழை.

வாத பித்த சிலேத்துமம் என்பன நம் சித்த வைத்தியர்களுக்கும் பழகிய சொற்களே. 1898இல் சாக்கிய பௌத்த சங்கத்தை நிறுவிய பண்டிதர் அயோத்திதாசர் தாமும் ஒரு சித்த வைத்தியராய் இருந்தார் என்பதை ஈண்டு நினைவுகூர்தல் தகும். இக்காலத்து மருத்துவம் கிருமிகளையும் பிறவற்றையும் கண்டு அக்கணக்கை வெகுதூரம் விரித்துவிட்டது. கணக்கு வளரலாம், ஆனால் நோயைக் கண்டால் காரணத்தைத் தேடு என்னும் வழி அன்றே வகுக்கப்பட்டுவிட்டது.

நம் தமிழ்ப் பெருங்காப்பியமாகிய மணிமேகலையிலும் இப்பாடம் உண்டு. காவிரிப்பூம்பட்டினத்தில் சார்ங்கலன் என்னும் சிறுவன் தனியே சுடுகாட்டின் வழிச் சென்று, பேய் ஒன்று ஆடக் கண்டு, அஞ்சி ஓடித் தாயிடம் சேர்ந்து உயிர் விட்டான். தாய் கோதமை கண்ணிழந்தவள். மகனின் உடலைச் சுமந்துகொண்டு சம்பாபதித் தெய்வத்தின்முன் சென்று, என் மகனின் உயிரைக் கொண்டது யார் என்று முறையிட்டாள். அத்தெய்வம் என்ன விடை கூறியது? பேய் எவருயிரையும் உண்பதில்லை என்றும், பேதைமையைப் பற்றுக்கோடாகக்கொண்டு வினையே அவன் உயிரைக் கொண்டது என்றும் கூறியது. சாத்தனார் பேய் உண்டு என்று நம்பிய காலத்தில் வாழ்ந்தவர். ஆயினும் சாவின் பழியைப் பேயின்மேற்கூட அவர் சுமத்தவில்லை. நாமோ பேயை நம்பாதவர் என்று சொல்லிக்கொண்டு, பழியைப் பெண்மேற் சுமத்துகின்றோம்.

இன்னுமொரு கோதமியை நீங்கள் அறிவீர்கள். சாவத்தி நகரத்துக் கிசா கோதமி, இறந்த குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு மருந்து தேடி அலைந்தாள். சாவே நேராத வீட்டிலிருந்து ஒரு பிடி கடுகு வாங்கி வா என்றார் பகவன். அவள் வீடு வீடாகச் சென்று வெறுங்கையோடு திரும்பினாள். அவ்வேளையில் பகவன் அவளுக்கு ஓர் ஆளைச் சுட்டிக்காட்டியிருந்தால், அத்தாய் அந்த ஆளைக் கிழித்தெறிந்திருப்பாள். துக்கம் கொண்ட மனம் அத்தன்மையது. அவர் ஆளைக் காட்டவில்லை. உலகின் இயல்பைக் காட்டினார். வீடுதோறும் அவள் கண்டது பகைவரை அன்று, தன்னைப்போல் இழந்தவர்களை. மந்திரவாதியும் பகவனும் துக்கத்தில் இருப்பவரைத் தெருவிற்கு அனுப்புகிறார்கள். ஒருவன் அனுப்பினால் அவர் கல்லோடு செல்கிறார். மற்றவர் அனுப்பினால் கருணையோடு திரும்புகிறார்.

நம் ஊரிற் கண்டது

இனி நம் ஊருக்கு வருவோம். 1898ஆம் ஆண்டில் பெங்களூரைப் பிளேக் என்னும் கொள்ளைநோய் தாக்கியது. ஜனங்கள் வீடுகளைவிட்டு வெளியிடங்களில் கொட்டகை போட்டுத் தங்கினார்கள். பிளேக் மாரியம்மன் என்று பெயரிட்டு வழிபட்ட கோயில்கள் இன்றும் இந்நகரில் உண்டு. நம்மவர் அன்று அஞ்சி அழுத கண்ணீருக்கு அவை சாட்சி. அவற்றை நாம் இகழோம். ஆனால் நோய் எதனால் வந்தது? அதன் கிருமியை 1894இல் ஹாங்காங்கில் யெர்சின் என்னும் மருத்துவர் கண்டார். எலியின் உடலில் வாழும் தெள்ளுப்பூச்சியே அதை மனிதருக்குக் கொண்டுவருகிறது என்பதைச் சீமோந் என்னும் மருத்துவர் கராச்சியில் கண்டார். அதுவும் அதே 1898ஆம் ஆண்டில்தான். பெங்களூரில் ஜனங்கள் யார் கோபம் இது என்று கலங்கிய ஆண்டிலேயே, ஒரு மனிதர் எலியையும் தெள்ளையும் வைத்துச் சோதித்து விடை கண்டுகொண்டிருந்தார். எலியும் அழுக்கும் ஒழிந்த இடத்தில் அந்நோயும் ஒழிந்தது.

இதுவரை பிறர் கதை. நம்முடைய கதை ஒன்றையும் சொல்லாமல் இப்பாடத்தை முடித்தால், அது வஞ்சகமாகும்.

நாம் இளவயதில் பஞ்சாலையில் நூற்புப் பகுதியில் வேலை பார்த்த காலம். குடியிருந்த வரிசையின் கடைசி வீட்டில் ஒரு கைம்பெண் இருந்தாள்; இட்லி விற்றுப் பிழைப்பவள். சிறுவர் யாவரும் அவளை ஆயா என்றே அழைப்பர். ஒரு கோடையில் வரிசையில் வாந்திபேதி கண்டது. ஒரு குழந்தை இறந்தது. மறுநாள் இன்னும் இரண்டு படுத்தன. குறி கேட்கப் போனவர்கள், "கோடி வீட்டு வெள்ளைச் சேலை" என்ற குறிப்போடு திரும்பினார்கள். அதற்கு முதல்நாள் அவள் அக்குழந்தையின் கன்னத்தைக் கிள்ளி முத்தமிட்டதைக் கண்டவர் பலர். அவ்வளவே போதுமானதாயிற்று. இட்லிப் பானை தெருவில் உருண்டது.

அன்றிரவு அவள் நம் வாசலில் வந்து நின்றாள். "தம்பி, நீ நாலு புத்தகம் படிக்கிற பிள்ளை. நான் அப்படிப்பட்டவள் இல்லையென்று நீயாவது ஒரு வார்த்தை சொல்லப்பா" என்றாள். அவள் அப்படிப்பட்டவள் அல்லள் என்பது நமக்குத் தெரியும். ஆயினும் நாம் தலையைக் குனிந்துகொண்டோம். வரிசையில் வாழவேண்டுமே என்ற அச்சம். விடியுமுன் அவள் ஒரு தகரப் பெட்டியோடு போய்விட்டாள். சில நாள் கழித்துத் தெருவைத் தோண்டியபோது, குடிநீர்க் குழாய் உடைந்து சாக்கடை அதனுள் கலந்திருத்தலைக் கண்டார்கள். குழாயைச் செப்பனிட்டதும் வாந்திபேதி நின்றது. அவளைத் தேடிப் போனவர் எவரும் இல்லை. நாமும் போகவில்லை.

நூற்கும் இயந்திரத்தில் ஓயாமல் நூல் அறும். அறுந்தால் நாம் என்ன செய்வோம்? பஞ்சு தரமானதா, காற்றில் ஈரம் குறைந்ததா, கதிர் ஆடுகிறதா, வளையம் தேய்ந்ததா என்று பார்ப்போம். பக்கத்து இயந்திரத்துக்காரன் கண் வைத்துவிட்டான் என்று எவனாவது சொன்னால் மேஸ்திரி அவனை வெளியே அனுப்பிவிடுவார். எட்டு மணி நேரம் காரணத்தைத் தேடிப் பழகிய கைகளே, வீடு திரும்பியதும் ஆயாவின் பானையை உருட்டின. அறிவு இல்லாமையன்று அது. அறிவை ஆலை வாசலிலேயே கழற்றி வைத்துவிட்டு வந்தோம்.

பீருபாலா அம்மையாரின் வரலாற்றைக் கேட்டபோது நம் நெஞ்சிற் பட்டது இதுவே. அவருக்குத் தெரிந்தது நமக்கும் தெரிந்திருந்தது. அவர் சொன்னார், நாம் சொல்லவில்லை. மௌனமும் முதற்சீலத்தின்முன் நின்று பதில் சொல்லவேண்டிய ஒன்று என்று அன்று உணரவில்லை, இன்று உணர்கின்றோம்.

கண்ணியை அறுக்கும் வழி

சங்கிலி ஏழு கண்ணியுடையது என்றோம். நல்வாய்ப்பாக, அதை எந்தக் கண்ணியிலும் அறுக்கலாம்.

நோய்க்கண்ணியில் அறுப்பது மருத்துவம். குழந்தைக்கு வாந்திபேதி கண்டால், கொதித்து ஆறிய நீர் ஒரு லிட்டரில் சர்க்கரை ஆறு சிறுகரண்டியும் உப்பு அரைச் சிறுகரண்டியும் தலைதட்டிப் போட்டுக் கரைத்து, சிறுகச் சிறுகப் புகட்டிக்கொண்டே மருத்துவமனைக்கு விரையுங்கள். நம் சிவாஜிநகரிலேயே பௌரிங் மருத்துவமனை இருக்கிறது. மனம் பேதலித்தவரைப் பேயோட்டுபவனிடம் இழுத்துச் செல்லாமல், இந்நகரத்து நிம்ஹான்ஸ் மனநல மருத்துவமனைக்கு அழைத்துச் செல்லுங்கள். வயிற்றுப்போக்கால் தன் மலத்திலேயே கிடந்த பிக்குவைக் கண்ட பகவன், ஆனந்தரை நீர் கொண்டுவரச் செய்து, இருவருமாக அவரைக் கழுவி எடுத்துப் படுக்கையில் கிடத்தினார். நோய்க்குப் பகவன் செய்த பரிகாரம் நீரும் பணிவிடையுமே.

மந்திரவாதிக்கண்ணியில் அறுப்பது சீலமும் சட்டமும். மந்திரம், குறி, சகுனம் ஆகியவற்றாற் பிழைப்பதை இழிந்த வித்தை என்று பிரம்மஜால சுத்தம் விலக்குகிறது. நம் பெங்களூர்ப் பல்கலைக்கழகத் துணைவேந்தராயிருந்த எச். நரசிம்மையா, அற்புதங்களையும் மூட நம்பிக்கைகளையும் ஆராய 1976இலேயே ஒரு குழுவை அமைத்தார். கர்நாடக சட்டமன்றம் 2017இல் இயற்றி, 2020 சனவரியில் நடைமுறைக்கு வந்த சட்டத்தின்படி, பேயோட்டுதல் என்ற பெயரால் ஒருவரை அடித்து வதைப்பதும், பாம்புக்கடி, நாய்க்கடி, தேள்கடிக்கு மருத்துவம் செய்யவிடாமல் தடுத்து மந்திரிப்பதும் குற்றமாகும். ஆகையால் காவல் நிலையத்திற்குச் செல்ல அஞ்சவேண்டா.

ஆறாம் கண்ணியில் அறுப்பதே நம் கையில் முழுதும் உள்ளது. துணையில்லாதவளையே ஊர் சூனியக்காரியாக்குகிறது என்று கண்டோம். அப்படியாயின், அவளுக்குத் துணை இருந்தால் அச்சொல் அவள்மேல் ஒட்டாது. உங்கள் சந்தில் தனித்திருக்கும் முதியவள் யார்? அவள் வீட்டுத் திண்ணையில் வாரத்தில் ஒருநாள் அமர்ந்து பேசுங்கள். நல்ல காரியங்களுக்கு அவளை முன்னிட்டு அழையுங்கள். உங்கள் குழந்தையை அவள் மடியில் ஊரறியக் கொடுங்கள். இது சிறிய செயலாகத் தோன்றும். ஆனால் குறிகாரன் "தனியாய் வாழ்பவள்" என்னும்போது, ஊருக்கு அங்கே ஆள் அகப்படாது.

கடைசிக் கண்ணியிற்கூட ஒருவர் வாய் திறந்தால் போதும். கூட்டத்தில் பலரும் உள்ளூர ஐயுற்றே நிற்பர், முதற்குரலுக்காகக் காத்திருப்பர். அக்குரல் உபாசகனுடையதாக, உபாசிகையினுடையதாக இருக்கட்டும்.

சிந்திக்கத்தக்க வினாக்கள்

1. உங்கள் வீட்டில் கடைசியாக நேர்ந்த நோய்க்கு, எட்டுக் காரணங்களில் எது பொருந்தும்?

2. மந்திரவாதி பெயரைச் சொல்லாமல் குறிப்பை மட்டும் சொல்வது ஏன்?

3. சார்ங்கலனின் தாய்க்குச் சம்பாபதி கூறிய விடைக்கும், கிசா கோதமிக்குப் பகவன் காட்டிய வழிக்கும் உள்ள ஒற்றுமை யாது?

4. உண்மை தெரிந்திருந்தும் நீங்கள் மௌனமாயிருந்த வேளை உண்டா? இன்று அதற்குச் செய்யக்கூடியது ஏதேனும் உண்டா?

நான்காம் வினாவை நாம் நமக்கே எழுதிக்கொண்டோம். அந்த ஆயா எங்கே போய் எப்படி முடிந்தாள் என்பதை நாம் அறியோம். அவளிடம் இனி ஒரு வார்த்தை சொல்ல இயலாது. ஆகையால் அவளுக்குச் சொல்லாத வார்த்தையை இப்பாடமாக உங்களுக்குச் சொல்லிவிட்டோம். உங்கள் வாசலில் வேறொருத்தி வந்து நிற்கும் நாளில், தலை குனியாதிருங்கள்.

எல்லா உயிர்களும் அச்சமின்றி வாழ்க.

நமோ புத்தாய.